பாதைக்கு இல்லாத நிலம்



காரவல்லி அடிவாரத்தில் பேருந்து ஏறி, எழுபது கொண்டை ஊசி வளைவுகளையும் கடந்து சோளக்காட்டுக்கு வந்து சேர்ந்திருக்கிறோம். பாதி வழியிலேயே இரண்டு மாணவர்கள் ஜன்னலுக்கு வெளியே தலையை நீட்டிவிட்டார்கள். மிளகையும் வாழைத்தாரையும் பலாவையும் ஏற்றிக்கொண்டு இதே வளைவுகளில் நாள்தோறும் இறங்கி ஏறும் மலையாளிப் பழங்குடி மக்களுக்கு இது வேடிக்கையாக இருக்கும். நாம் ஒரு நாள் பட்ட பாடு அவர்களுக்கு அன்றாடம்.

ஐயாவின் நினைவாக ஒரு சொற்பொழிவு நிகழ்த்த வேண்டும் என்று அமைப்புத் தோழர்கள் கேட்டபோது, இலக்கியம் பற்றிப் பேசலாம் என்றுதான் முதலில் நினைத்தேன். ஆனால் ஐயாவை நினைத்தால் எனக்கு முதலில் ஞாபகம் வருவது அவருடைய துணிப்பை. அதற்குள் கவிதை நோட்டு இருந்ததோ இல்லையோ, மடித்து மடித்துக் கிழிந்துபோன புலப்படங்கள் இருக்கும். எந்த ஊரில் பிரச்சினை என்று கூப்பிட்டாலும் போய் உட்கார்ந்ததும் அவர் கேட்கிற முதல் கேள்வி, "அ-பதிவேட்டுல என்ன போட்டிருக்கான்?" என்பதுதான். யார் அடித்தார்கள், யார் திட்டினார்கள் என்பதெல்லாம் அதற்குப் பிறகுதான். இருபது வயதில் எனக்கு அது உணர்ச்சியற்ற கேள்வியாகப் பட்டது. நாற்பதைத் தாண்டிய பிறகுதான் அந்தக் கேள்வியின் கனம் புரிகிறது. அதையே இன்றைய பேச்சுக்குத் தலைப்பாக எடுத்துக்கொண்டேன். சாலைக்கும் நிலத்துக்கும் நடுவே நம் மக்களின் வரலாறு என்னவாக எழுதப்பட்டிருக்கிறது என்பதுதான் விஷயம்.

என் வீட்டுக் கதை ஒன்றிலிருந்து தொடங்குகிறேன். நான் கல்லூரியில் படித்துக்கொண்டிருந்தபோது, எங்கள் அம்மாயி குடியிருந்த அடிவாரத்துச் சேரியை ஒட்டிய சாலையை அகலப்படுத்தினார்கள். ஒரு நாள் காலையில் வந்து சுவர்களில் சிவப்புப் பெயிண்டால் குறி போட்டார்கள். சாலைக்கு அந்தப் பக்கம் பட்டா நிலம், அரிசி ஆலை. இந்தப் பக்கம் எங்கள் பதினோரு வீடுகள். ஆலைக்காரருக்கு நோட்டீஸ் வந்தது, அளவை நடந்தது, அவர் ஆட்சேபித்தார், வழக்கறிஞரை வைத்தார். சாலை கொஞ்சம் வளைந்தது. எங்கள் பக்கத்துக்கும் நோட்டீஸ் வந்தது. அதில் 'ஆக்கிரமிப்பாளர்' என்று அம்மாயியின் பெயர் இருந்தது. அவர் அந்த வீட்டில் பிறந்து, அந்த வீட்டிலேயே பிள்ளை பெற்றவர். எழுதப் படிக்கத் தெரியாது. "என்னடா எழுதியிருக்கான்?" என்று என்னிடம் கேட்டார். அந்தச் சொல்லை அவரிடம் வாசித்துக் காட்ட எனக்கு வாய் வரவில்லை. அந்தச் சாலைக்கு ஜல்லி உடைத்ததும் தார் காய்ச்சியதும் அதே பதினோரு வீட்டு ஆட்கள்தான்.

ஒரே சாலை, இரண்டு பக்கம், இரண்டு சட்டம். இந்த இரண்டு சட்டமும் எங்கிருந்து வந்தன என்று தேடினால் நூறு ஆண்டுகளுக்கு மேல் பின்னால் போக வேண்டியிருக்கிறது.

நடக்கும் உரிமை

1924 ஆகஸ்டில் சென்னை மாகாணச் சட்டமன்றத்தில் ரெட்டைமலை சீனிவாசன் ஒரு தீர்மானம் கொண்டுவந்தார். பொதுச் சாலை, தெரு, பொதுக் கிணறு, குளம், அரசு அலுவலகம் இவற்றில் தாழ்த்தப்பட்ட மக்கள் புழங்குவதை யாரும் தடுக்கக்கூடாது என்பது அதன் சாரம். 1925 பிப்ரவரியில் அது அரசிதழில் வெளியானது. அதே காலத்தில்தான் திருவிதாங்கூரில் வைக்கம் போராட்டம் நடந்துகொண்டிருந்தது. அங்கேயும் கேட்டது கோயில் நுழைவு அல்ல. கோயிலைச் சுற்றியுள்ள சாலையில் நடக்கும் உரிமையைத்தான் கேட்டார்கள்.

இந்தத் தீர்மானத்தை நாம் ஆண்டுதோறும் பெருமையோடு நினைவுகூர்கிறோம். நினைவுகூர வேண்டியதுதான். ஆனால் அதில் உள்ள 'பொது' என்ற சொல்லைக் கொஞ்சம் நிறுத்திப் பாருங்கள். பொதுச் சாலையில் நடக்கலாம். சரி, சேரியிலிருந்து அந்தப் பொதுச் சாலைக்கு வருகிற வழி எது? சேரியிலிருந்து சுடுகாட்டுக்குப் போகிற வழி எது? பெரும்பாலான கிராமங்களில் அது யாரோ ஒருவருடைய வயல் வரப்பு. அறுவடை முடிந்தால் நடக்கலாம், நடவு நட்டால் நடக்க முடியாது. உரிமையாளர் நல்ல மனநிலையில் இருந்தால் வழி, கூலி உயர்வு கேட்டால் முள்வேலி. சட்டம் தெருவைத் திறந்தது. தெருவுக்கு வருகிற வரப்பு தனியார் சொத்தாகவே நின்றது. தீண்டாமை என்று சொல்லித் தடுத்தால் குற்றம், 'என் பட்டா நிலம்' என்று சொல்லித் தடுத்தால் அது சிவில் வழக்கு. சாதி, சொத்துரிமையின் சட்டையைப் போட்டுக்கொண்ட இடம் இதுதான்.

நிலம் யாரிடம் போனது

அந்த வரப்பு ஏன் நம்முடையதாக இல்லை? செங்கல்பட்டு மாவட்ட ஆட்சியராக இருந்த ட்ரெமென்ஹீர் 1891-இல் அரசுக்கு ஓர் அறிக்கை அனுப்பினார். அந்த மாவட்டப் பறையர் மக்களின் நிலையைப் பற்றியது அது. மிராசு முறையில் ஊர்த் தரிசு நிலத்தைக் கேட்க முதல் உரிமை மிராசுதாருக்கே இருந்தது. நிலமற்றவர் தர்காஸ்து போட்டால், மிராசுதார் எழுந்து வந்து 'எனக்கு வேண்டும்' என்று சொன்னால் போதும். குடிசை போட்ட மனைகூடச் சொந்தமில்லை. வேலைக்கு வர மறுத்தால் மனையைக் காலி செய்யச் சொல்லலாம். குடியிருப்பே ஒரு விலங்காக இருந்த காலம்.

அந்த அறிக்கையைத் தொடர்ந்து, 1892 செப்டம்பர் 30-ஆம் தேதியிட்ட அரசாணையின் வழியாகத் தாழ்த்தப்பட்ட மக்களுக்கு நிலம் ஒதுக்கும் ஏற்பாடு வந்தது. அதைத்தான் பஞ்சமி நிலம் என்கிறோம். பத்து ஆண்டுகளுக்கு விற்கக்கூடாது, அதன் பிறகு விற்றாலும் தாழ்த்தப்பட்டவருக்கே விற்க வேண்டும் என்பது நிபந்தனை. சென்னை மாகாணத்தில் இப்படி ஒதுக்கப்பட்டது சுமார் 12 லட்சம் ஏக்கர் என்பது நம் இயக்கங்கள் தொடர்ந்து சொல்லிவரும் கணக்கு. நிபந்தனை காகிதத்தில் இருந்தது. நிலம் கை மாறியது. 1994-இல் மாமல்லபுரத்தை அடுத்த கரணையில் பஞ்சமி நிலத்தை மீட்கப் போன மக்கள் அங்கே அம்பேத்கர் சிலையை நிறுவினார்கள். சிலை அகற்றப்பட்டது. அதைக் கண்டித்து அக்டோபர் 10 அன்று செங்கல்பட்டில் திரண்டவர்கள் மீது துப்பாக்கிச் சூடு நடந்தது. ஜான் தாமஸ், ஏழுமலை என்ற இரண்டு தோழர்கள் உயிர் நீத்தார்கள்.

சாலை பற்றிப் பேச வந்து பஞ்சமி நிலம் பற்றி ஏன் பேசுகிறேன் என்று மாணவர்கள் நினைக்கலாம். கிழக்குக் கடற்கரைச் சாலையை ஒட்டிய நிலத்தின் விலை என்ன ஆனது என்று யோசித்துப் பாருங்கள். யாரும் சீந்தாத மேட்டு நிலமாக, மணல் காடாக இருக்கும்வரை நிலம் நம்மிடம் இருக்க விடுவார்கள். சாலை வந்ததும் அதற்கு விலை வரும். விலை வந்ததும் பழைய பத்திரங்கள் முளைக்கும். சாலை நிலத்தை நேரடியாக எடுப்பது ஒரு வகை. தன் இரு பக்கமும் உள்ள நிலத்தை மறைமுகமாகக் கைமாற்றுவது இன்னொரு வகை. இரண்டாவதற்கு நில எடுப்பு அறிவிக்கையும் கிடையாது, இழப்பீடும் கிடையாது.

நமக்காக வந்த ஒரு சட்டம்

தமிழ்நாட்டில் 1978-இல் ஒரு தனிச் சட்டம் இயற்றப்பட்டது. அரிஜன நலத் திட்டங்களுக்காக நிலம் கையகப்படுத்தும் சட்டம் என்பது அதன் பெயர். அந்தப் பெயரில் உள்ள சொல்லை நாம் ஏற்பதில்லை, அம்பேத்கரும் ஏற்கவில்லை. ஆனால் உள்ளே இருக்கிற விஷயம் முக்கியமானது. நம் மக்களுக்கு வீட்டுமனை வழங்கவும், சுடுகாடு, இடுகாடு அமைக்கவும், குடியிருப்புக்கோ சுடுகாட்டுக்கோ போகும் பாதை அமைக்கவும் தனியார் நிலத்தை எடுக்க மாவட்ட ஆட்சியருக்கு அதிகாரம் தருகிறது இந்தச் சட்டம். 1894-ஆம் ஆண்டு நில எடுப்புச் சட்டத்தின் நீண்ட நடைமுறையைச் சுருக்கியது. 'பாதை' என்ற சொல்லைச் சட்டத்துக்குள்ளேயே எழுதி வைத்தார்கள் பாருங்கள். வரப்பு யாருடையது என்ற கேள்விக்கு 1925-இல் கிடைக்காத பதில், 53 ஆண்டுகள் கழித்துத்தான் எழுத்தில் வந்தது.

உடனே நிலவுடைமையாளர்கள் நீதிமன்றம் போனார்கள். பொது நில எடுப்புக்கு 30 சதவீத ஆறுதல் தொகை, இந்தச் சட்டத்தில் 15 சதவீதம்தான், இது சமத்துவத்துக்கு எதிரானது என்பது அவர்களுடைய வாதங்களில் ஒன்று. சமத்துவம் என்ற சொல்லை அவர்கள் வாயால் கேட்க வேண்டிய நிலை! ஆனந்தி அம்மாள் வழக்கில் உச்ச நீதிமன்றம் சட்டம் செல்லும் என்றது. இழப்பீட்டைத் தவணை முறையில் தரலாம் என்ற ஒரு பகுதியை மட்டும் நீக்கியது. சட்டம் பிழைத்தது. ஆனால் களத்தில் நடந்தது வேறு. உரிமையாளருக்கு முறையாக நோட்டீஸ் கொடுக்கவில்லை, விசாரணை அறிக்கையின் நகலைத் தரவில்லை என்பன போன்ற நடைமுறைக் குறைகளால் பல நில எடுப்புகள் ரத்தாயின. ஆதிதிராவிடர் நலத் தனி வட்டாட்சியர் அலுவலகத்துக்குப் போய்ப் பாருங்கள். 'வழக்கு நிலுவை' என்று எழுதிய கோப்புகள் அடுக்கி இருக்கும். ஒரு கோப்பு என்பது ஒரு தெருவுக்கான பாதை. ஒரு நகல் கொடுக்க மறந்தால் அந்தத் தெரு இருபது ஆண்டு வரப்பில் நடக்கும். மறதியா, மனமில்லாமையா என்பதை நீங்களே ஆராய்ச்சி செய்யலாம். சமூகவியல் மாணவர்களுக்கு நல்ல தலைப்பு.

இந்தத் தாமதத்துக்கு என்ன விலை என்பதை 2019 ஆகஸ்டில் நாடே பார்த்தது. வாணியம்பாடியை அடுத்த நாராயணபுரத்தில், பாலாற்றங்கரைச் சுடுகாட்டுக்குப் போகும் வழியில் இருந்த நிலத்தின் உரிமையாளர்கள் வழி விடாததால், இறந்த தலித் ஒருவரின் உடலைப் பாலத்தின் மேலிருந்து கயிறு கட்டிக் கீழே இறக்கினார்கள். கீழே நின்றவர்கள் கைநீட்டி வாங்கினார்கள். அந்தக் காணொளி வெளியான பிறகு சென்னை உயர் நீதிமன்றம் தானாக முன்வந்து வழக்கை எடுத்தது. அங்கே அதிகாரிகளுக்கு 1978-ஆம் ஆண்டுச் சட்டம் தெரியாதா? தெரியும். அதைப் பயன்படுத்த ஒரு பிணம் அந்தரத்தில் தொங்க வேண்டியிருந்தது.

அதற்கு முன், 2016 ஜனவரியில், மயிலாடுதுறைப் பக்கம் திருநாள்கொண்டச்சேரியில் இறந்துபோன ஒரு முதியவரின் உடலைப் பொதுத் தெரு வழியாகக் கொண்டுபோக உயர் நீதிமன்றம் உத்தரவிட்டது. உத்தரவு கையில் இருந்தும், காவல்துறையே உடலைத் தூக்கிக்கொண்டு வேறு வழியில் போய் அடக்கம் செய்தது. அங்கே வரப்புப் பிரச்சினைகூட இல்லை, பொதுத் தெரு. ரெட்டைமலையாரின் தீர்மானம் அரசிதழில் வந்து 91 ஆண்டுகள் ஆகியிருந்தன.

இரண்டு ஊரையும் சேர்த்து வைத்துப் பாருங்கள். தனியார் நிலம் என்றால் சொத்துரிமை தடுக்கிறது. பொதுத் தெரு என்றால் சட்டம் ஒழுங்கு தடுக்கிறது.

எட்டு வழிச் சாலை சொன்ன பாடம்

இப்போது அரசுக்கு நிலம் வேண்டியிருக்கும்போது என்ன நடக்கிறது என்று பார்ப்போம். 2018-இல் சென்னைக்கும் சேலத்துக்கும் 277 கிலோமீட்டர் நீளத்தில், சுமார் 10,000 கோடி ரூபாயில் எட்டு வழிச் சாலை என்று அறிவித்தார்கள். காஞ்சிபுரம், திருவண்ணாமலை, கிருஷ்ணகிரி, தருமபுரி, சேலம் என ஐந்து மாவட்டங்கள். தேவைப்பட்ட நிலம் சுமார் 1,900 ஹெக்டேர். பாட்டிமார்கள் வயலில் விழுந்து அழுததையும், காவல்துறை காவலோடு கல் நட்டதையும் நீங்கள் தொலைக்காட்சியில் பார்த்திருப்பீர்கள். இந்தப் பக்கத்து மாணவர்கள் சிலர் நேரிலேயே பார்த்திருப்பீர்கள்.

சுடுகாட்டுப் பாதைக்கு அரை ஏக்கர் எடுக்க இருபது ஆண்டு எடுத்துக்கொள்ளும் அரசு, ஐந்து மாவட்டத்தை சில வாரங்களில் அளந்தது. அது மட்டுமல்ல. 1956-ஆம் ஆண்டு தேசிய நெடுஞ்சாலைகள் சட்டத்தின் 3ஏ பிரிவில் வருவது 'நிலம் எடுக்க உத்தேசித்துள்ளோம்' என்ற அறிவிப்பு மட்டுமே. அந்த நிலையிலேயே வருவாய்ப் பதிவேடுகளில் விவசாயிகளின் பெயரை மாற்றிவிட்டார்கள். 2019 ஏப்ரல் 8 அன்று சென்னை உயர் நீதிமன்றம் நில எடுப்பு அறிவிக்கைகளை ரத்து செய்தபோது, பதிவேடுகளைப் பழையபடி திருத்தவும் உத்தரவிட்டது. 2020 டிசம்பர் 8 அன்று உச்ச நீதிமன்றம் 3ஏ அறிவிக்கைகள் செல்லும் என்றும், அந்தக் கட்டத்திலேயே சுற்றுச்சூழல் அனுமதி தேவையில்லை என்றும் சொல்லித் தீர்ப்பை மாற்றியது. ஆனால் பதிவேட்டில் பெயரை மாற்றியது தவறு என்பதை அதுவும் ஏற்றுக்கொண்டது.

ஐயாவின் கேள்வி இங்கேதான் நினைவுக்கு வருகிறது. அ-பதிவேட்டில் என்ன போட்டிருக்கிறான்? புல்டோசர் வருவதற்கு முன்பே பேனா வந்துவிடுகிறது.

அந்தப் போராட்டத்தில் நாம் விவசாயிகளோடு நின்றோம். நின்றது சரி. சிறு விவசாயிகளில் நம் மக்களும் உண்டு. ஆனால் அந்த மேடைகளில் பேசப்படாத ஒரு கணக்கும் உண்டு. ஐந்து ஏக்கர் போனால் ஐந்து ஏக்கர்க்காரருக்கு இழப்பீடு. அந்த ஐந்து ஏக்கரில் களை பறித்தவருக்கு, கரும்பு வெட்டியவருக்கு, வாய்மொழிக் குத்தகை பார்த்தவருக்கு என்ன? 2013-ஆம் ஆண்டு நில எடுப்புச் சட்டம் முதன்முறையாக இவர்களையும் 'பாதிக்கப்பட்ட குடும்பம்' என்று ஒப்புக்கொண்டது. நிலம் எடுப்பதற்கு முந்தைய மூன்று ஆண்டுகள் அந்த நிலத்தையே வாழ்வாதாரமாகக் கொண்டிருந்த விவசாயக் கூலிகளும் குத்தகையாளர்களும் அதில் வருவார்கள். சரி, மூன்று ஆண்டு வேலை செய்ததற்கு எந்தக் கூலிக்காரரிடம் ரசீது இருக்கிறது? நம்மை ஏற்றுக்கொண்ட சட்டமும் நம்மிடம் இல்லாத காகிதத்தைத்தான் கேட்கிறது.

அந்தச் சட்டத்தையும் தமிழ்நாடு தனக்கேற்ப வளைத்துக்கொண்டது. மூன்று மாநிலச் சட்டங்களுக்கு 2013 சட்டத்தின் நடைமுறைகளிலிருந்து விலக்கு அளித்து 105ஏ என்ற பிரிவைச் சேர்த்தார்கள். தொழில் நோக்கங்களுக்கான 1997 சட்டம், நெடுஞ்சாலைகளுக்கான 2001 சட்டம், மூன்றாவதாக நான் சொன்ன 1978 சட்டம். இழப்பீடு புதிய சட்டப்படி, ஆனால் சமூகத் தாக்க மதிப்பீடு போன்றவை கிடையாது. 2019 ஜூலையில் உயர் நீதிமன்றம் இந்த ஏற்பாடு செல்லாது என்றது. சட்டமன்றம் அந்த மூன்று சட்டங்களுக்கும் மீண்டும் உயிர் கொடுத்துப் புதிய சட்டம் இயற்றியது. 2021 ஜூனில் உச்ச நீதிமன்றம் அது செல்லும் என்றது. தொழிற்பேட்டையும் நெடுஞ்சாலையும் சேரியின் சுடுகாட்டுப் பாதையும் ஒரே மூட்டையில். எனக்கு இதில் ஒரு சங்கடம் உண்டு, அதை மறைக்கப் போவதில்லை. 1978 சட்டம் விரைவாக வேலை செய்ய வேண்டும் என்று நானே கேட்கிறேன். அதே விரைவு நெடுஞ்சாலைக்குக் கிடைத்தால் நம் குடிசையும் சேர்ந்து போகிறது. என் பதில் இதுதான்: ஒரு தெருவுக்கு முந்நூறு அடிப் பாதை எடுப்பதையும் ஐந்து மாவட்டத்தைக் கிழித்துப் போவதையும் சட்டம் ஒரே தராசில் வைக்கக்கூடாது. அதிகாரம் குறைந்தவருக்கு விரைவும், அதிகாரம் மிகுந்தவருக்கு நிதானமும் தேவை. இப்போது நடைமுறை தலைகீழாக இருக்கிறது.

இது நம் நாட்டில் மட்டும் நடப்பதல்ல. அமெரிக்காவிலும் நெடுஞ்சாலைச் சட்டம் வந்தது அதே 1956-இல்தான். அதன் பிறகு நகரங்களுக்குள் புகுந்த பெருஞ்சாலைகள் பல இடங்களில் கறுப்பின மக்களின் குடியிருப்புகளை ஊடறுத்துச் சென்றன. செயின்ட் பால் நகரின் ரோண்டோ, மயாமியின் ஓவர்டவுன் இரண்டும் அப்படிச் சிதைந்தவை. விலை குறைந்த நிலம், எதிர்ப்புக் குறைந்த மக்கள் என்று வரைபடம் தேடிப் போனால், அங்கே ரோண்டோ கிடைக்கும், இங்கே சேரி கிடைக்கும்.

மலையில் நின்று பார்த்தால்

நான் மலைக்காரர் இல்லை. கொல்லிமலையின் அடிவாரத்தைச் சேர்ந்த தலித். மலையாளி மக்களின் பாடு வேறு, எங்கள் பாடு வேறு. ஒன்றென்று சொல்லி அவர்கள் பேச வேண்டியதை நான் பேசக்கூடாது. ஆனால் சட்டப் புத்தகத்தைப் பார்க்கும்போது ஒன்று உறுத்துகிறது. இந்தச் சேந்தமங்கலம் சட்டமன்றத் தொகுதி பழங்குடியினருக்கு ஒதுக்கப்பட்டது. ஆனால் அரசியலமைப்பின் ஐந்தாம் அட்டவணைப் பகுதி என்று தமிழ்நாட்டில் ஓர் இடம்கூட அறிவிக்கப்படவில்லை. அதனால் பழங்குடிப் பகுதி கிராமசபைகளுக்கான 1996-ஆம் ஆண்டுச் சட்டம் இங்கே செல்லாது. ஆந்திராவில் 1970-ஆம் ஆண்டின் ஒழுங்குமுறை, அட்டவணைப் பகுதி நிலம் பழங்குடி அல்லாதவருக்குப் போவதைத் தடுக்கிறது. அதன் மீது நின்றுதான் 1997-இல் சமதா தீர்ப்பு வந்தது. தமிழ்நாட்டில் பழங்குடி நிலம் கைமாறுவதைத் தடுக்க அப்படி ஒரு தனிச் சட்டம் இல்லை.

சாலை வந்தால் மிளகுக்கு விலை வரும், பிள்ளைகளுக்குப் பள்ளி வரும். விடுதி கட்ட நிலம் தேடுகிறவரும் அதே சாலையில்தான் வருவார். சாலை ஓரத்து நிலம் விற்றுப்போன பிறகு, உள்ளே இருக்கிறவர் தன் காட்டுக்குப் போக அந்த விடுதிக்காரரிடம் வழி கேட்க வேண்டும். சமவெளியில் நூறு ஆண்டு நாங்கள் பார்த்த வரப்பு, மலையில் இப்போது உருவாகாமல் பார்த்துக்கொள்ள வேண்டும்.

அதற்காகச் சாலை வேண்டாம் என்று சொல்ல எனக்கு உரிமை இல்லை. 2023 மே மாதம் வேலூர் மாவட்டம் அல்லேரி மலையில் பாம்பு கடித்த ஒரு பச்சைக் குழந்தை, சாலை இல்லாததால் உரிய நேரத்தில் மருத்துவமனைக்குப் போய்ச் சேர முடியாமல் இறந்தது. குழந்தையின் உடலோடு ஆம்புலன்ஸ் பாதியில் நின்றுவிட்டது. மீதித் தூரத்தை அந்தத் தாய் உடலைச் சுமந்துகொண்டு நடந்து ஏறினார். வனத்துறை நிலம், அனுமதி வேண்டும் என்பதுதான் அங்கே பல்லாண்டுகளாகச் சொல்லப்பட்ட காரணம்.

ஆனால் 2006-ஆம் ஆண்டு வன உரிமைச் சட்டத்தின் 3(2) பிரிவைப் படியுங்கள். பள்ளி, மருத்துவமனை, சாலை உள்ளிட்ட பொது வசதிகளுக்கு, ஒவ்வொன்றுக்கும் ஒரு ஹெக்டேருக்குக் குறைவான வன நிலத்தை விடுவிக்கலாம். ஹெக்டேருக்கு 75 மரங்களுக்கு மேல் வெட்டக்கூடாது. கிராமசபை பரிந்துரைக்க வேண்டும். தில்லிக்குக் கோப்பு போக வேண்டியதில்லை. இப்படி ஒரு வாசல் இருந்தும் அது ஏன் திறக்கவில்லை? தமிழ்நாட்டில் இந்தச் சட்டத்தின் கீழ் உரிமைப் பட்டா வழங்குவதற்கு 2008-இல் உயர் நீதிமன்ற இடைக்கால உத்தரவு குறுக்கே வந்தது. உச்ச நீதிமன்றம் அதை நீக்கியது 2016-இல். எட்டு ஆண்டுகள் போயின. அதன் பிறகும் பல ஊர்களில் மக்களுக்கு இப்படி ஒரு பிரிவு இருப்பதே சொல்லப்படவில்லை. கிராமசபை சொல்லிப் போடுகிற சாலை இது. எட்டு வழிச் சாலையில் யாரும் கிராமசபையைக் கேட்கவில்லை. எனக்கு இரண்டு சாலைகளுக்கும் உள்ள வேறுபாடு அகலத்தில் இல்லை. யாரைக் கேட்டுப் போட்டார்கள் என்பதில் இருக்கிறது.

செய்ய வேண்டியவை

நினைவுச் சொற்பொழிவு என்றால் கைதட்டிவிட்டுக் கலைந்து போவது வழக்கம். ஐயா இருந்திருந்தால் விடமாட்டார். ஆளுக்கொரு வேலை கொடுத்துத்தான் அனுப்புவார்.

மாணவர்களே, இந்த விடுமுறையில் உங்கள் ஊர் அ-பதிவேட்டையும் புலப்படத்தையும் நத்தம் கணக்கையும் நகல் எடுங்கள். உங்கள் தெரு எந்தப் புல எண்ணில் இருக்கிறது, சுடுகாட்டுப் பாதை யார் பெயரில் இருக்கிறது என்று பாருங்கள். பட்டா இல்லாத வீடுகளைப் பட்டியலிட்டு மனுக் கொடுங்கள். சாலை வருவதற்கு முன் கொடுக்கிற மனுவுக்குத்தான் மதிப்பு. சிவப்புப் பெயிண்டு அடித்த பிறகு அது வெறும் கண்ணீர்.

பாதை இல்லாத ஊர்களில் 1978 சட்டத்தின் கீழ் நிலம் எடுக்கக் கோரி கிராமசபையில் தீர்மானம் போடுங்கள். ஆண்டுக்கு ஆறு முறை கிராமசபை கூடுகிறது. நோட்டீஸ் போனதா, அறிக்கை நகல் கொடுத்தார்களா என்று அலுவலகத்தில் போய்க் கேளுங்கள். நிலவுடைமையாளருக்குச் சேர வேண்டிய காகிதம் சேர்ந்ததா என்று நாம் கவலைப்படுவது விசித்திரம்தான். ஆனால் அந்தக் குறையால்தான் நம் பாதை ரத்தாகிறது. தேசிய நெடுஞ்சாலை அறிவிக்கை வந்தால் ஆட்சேபிக்க 21 நாட்கள், 2013 சட்டத்தின் கீழ் 60 நாட்கள். நாட்களை எண்ண ஓர் ஆள் ஒவ்வொரு ஊரிலும் வேண்டும்.

வழியை மறிப்பது சிவில் தகராறு என்று காவல் நிலையத்தில் திருப்பி அனுப்பினால், வன்கொடுமைத் தடுப்புச் சட்டத்தைக் கையில் வைத்துப் பேசுங்கள். 2015 திருத்தத்துக்குப் பிறகு, சுடுகாட்டையும் சாலையையும் பாதையையும் நம் மக்கள் பயன்படுத்த விடாமல் தடுப்பது அந்தச் சட்டத்தின் கீழ் குற்றம். வனத்தின் மீதான உரிமையை அனுபவிக்க விடாமல் தடுப்பதும் குற்றம். வரப்பின் மேல் சாதி நிற்கிறது என்பதைச் சட்டம் காலம் தாழ்த்தியாவது கண்டுகொண்டிருக்கிறது.

அம்மாயி வீடு இருந்த இடத்தில் இப்போது சாலையின் வெள்ளைக் கோடு போகிறது. இந்த மலைக்கு வருகிற பேருந்து அந்தக் கோட்டை ஒட்டித்தான் வருகிறது. இன்று காலையிலும் அந்த இடத்தில் நான் ஜன்னல் பக்கம் திரும்பினேன். அம்மாயி கடைசிவரை அந்த நோட்டீசை டிரங்குப் பெட்டியில் வைத்திருந்தார். அது தன் வீட்டுப் பத்திரம் என்றுதான் அவர் நினைத்துக்கொண்டிருந்தார். அரசாங்க முத்திரை இருக்கிறதே, தன் பெயர் போட்டிருக்கிறதே என்று. நானும் சொல்லவில்லை.

இப்போது உங்களிடம் சொல்லிவிட்டேன். ஊருக்குப் போய் உங்கள் வீட்டு டிரங்குப் பெட்டியைத் திறந்து, உள்ளே இருக்கிற காகிதம் என்ன என்று வாசித்துப் பாருங்கள். பெரியவர்களுக்கும் வாசித்துக் காட்டுங்கள்.

ஜெய்பீம்.